புதுக் கணினி வாங்கும் முன் பழையதைக் கொஞ்சம் கவனியுங்கள்

புக்கிட் ரோத்தானில் எனக்குத் தெரிந்த வீடுகளில், விளையாட்டுக்கென்றே வாங்கிய கணினி அபூர்வம். அக்கா பல்கலைக்கழகத்தில் பயன்படுத்தி முடித்த மடிக்கணினி, மாமா வேலையிடத்தில் கழித்துவிட்ட மேசைக் கணினி, கோவிட் காலத்தில் இயங்கலை வகுப்புக்காக அவசரமாக வாங்கிய விலை குறைந்த ஒன்று. இப்படித்தான் தம்பி தங்கைகளின் கைக்கு ஒரு கணினி வந்து சேர்கிறது. பாடத்துக்கும் அதுதான், படம் பார்க்கவும் அதுதான், விளையாடவும் அதுதான்.

அந்தக் கணினிக்கு வயதாகிவிட்டதை முதலில் காட்டிக்கொடுப்பது விளையாட்டு. கட்டுரை தட்டச்சு செய்யும்போது தெரியாத களைப்பு, பந்தயக் கார் வளைவில் திரும்பும்போது தெரிந்துவிடும். திரை திக்கும், திணறும். உடனே “லேக் ஆவுதுப்பா, புதுசு வாங்கணும்” என்ற கோரிக்கை அப்பாவிடம் போகும்.

கேட்பது சுலபம். 2025 பிப்ரவரி முதல் நம் நாட்டில் குறைந்தபட்ச மாதச் சம்பளம் 1,700 ரிங்கிட். 3,500 ரிங்கிட்டுக்கு ஒரு மடிக்கணினி என்றால், அந்தச் சம்பளம் வாங்குபவரின் இரண்டு மாத உழைப்புக்கும் மேல்.

கடந்த பள்ளி விடுமுறையில், படிவம் ஐந்து படிக்கும் என் சித்தி மகன் என்னைத் தொலைபேசியில் அழைத்தான். “அண்ணே, நாளைக்குக் கடைக்கு வரீங்களா? எது நல்லதுன்னு நீங்க பாத்துச் சொல்லுங்க” என்றான். விலை அதே 3,500 ரிங்கிட், தவணையிலும் எடுக்கலாமாம். சித்தப்பாவுக்குச் செம்பனை எண்ணெய் ஆலையில் ஷிப்ட் வேலை. மகன் எஸ்.பி.எம். முடித்து மேற்படிப்புக்குக் கிளம்பும்போது ஆகும் செலவுக்காகச் சேர்த்த பணத்திலிருந்துதான் முன்பணம் வரவேண்டும். “கடைக்கு அப்புறம் போலாம் தம்பி. முதல்ல பழச எடு, பாப்போம்” என்றேன்.

அவனுடைய மடிக்கணினியில் நாங்கள் பார்த்ததையும், அதற்குப் பின்னால் இருக்கும் காரணங்களையும் இங்கே எழுதுகிறேன். கணினித் துறையில் படிக்கும் மாணவன் என்பதால் எனக்கு இது பழக்கம். ஆனால் இதைச் செய்யப் பட்டம் எதுவும் தேவையில்லை. ஒரு மதிய நேரமும், ஒரு நோட்டுப் புத்தகமும் போதும்.

லேக் என்பது மூன்று நோய்கள்

காய்ச்சல் என்று கிளினிக்குக் போனால் டாக்டர் என்ன காய்ச்சல் என்று பார்ப்பார் அல்லவா? லேக்கும் அப்படித்தான். நாம் ஒரே பெயரில் அழைப்பது மூன்று வேறு கோளாறுகள்.

முதலாவது, எஃப்.பி.எஸ். குறைவு. விளையாட்டு என்பது வேகமாக மாறும் படங்களின் வரிசை. ஒரு விநாடிக்கு எத்தனை படங்கள் வருகின்றன என்பதே எஃப்.பி.எஸ். அது 20, 25 என்று இறங்கினால் எல்லாமே சேற்றில் நடப்பதுபோல் இருக்கும்.

இரண்டாவது, திக்கல். சராசரி நன்றாகவே இருக்கும். ஆனால் இடையிடையே ஒரு படம் மட்டும் தாமதமாக வரும். ஓடும் பேருந்து குழியில் விழுந்து எழுவதுபோல ஒரு குலுக்கல்.

மூன்றாவது, இணையத் தாமதம். படம் வழவழப்பாகத்தான் ஓடும். ஆனால் நீங்கள் சுட்ட பிறகும் எதிரி நடந்துகொண்டே இருப்பான், அல்லது திடீரென்று வேறோர் இடத்தில் தோன்றுவான். பிங் என்று மில்லி விநாடியில் காட்டப்படுவது இதைத்தான்.

எது உங்கள் நோய் என்று அறிவது எளிது. இணையம் தேவைப்படாத ஒரு விளையாட்டையோ பயிற்சிக் களத்தையோ திறந்து விளையாடுங்கள். அங்கும் திணறினால் கோளாறு கணினியில். அங்கே நன்றாக ஓடி, நண்பர்களோடு சேரும்போது மட்டும் சிக்கினால் கோளாறு இணையத்தில். விண்டோஸ் 10, 11 உள்ள கணினியில் விண்டோஸ் பொத்தானையும் ‘ஜி’ எழுத்தையும் சேர்த்து அழுத்தினால் ஒரு பட்டை திறக்கும். எஃப்.பி.எஸ்., சி.பி.யு., ஜி.பி.யு., ரேம் ஆகியவற்றின் நிலையை அதிலேயே பார்க்கலாம். தனியாக எதையும் பதிவிறக்க வேண்டியதில்லை.

16.7 மில்லி விநாடிக்குள் ஒரு படம்

ஒரு விநாடிக்கு 60 படங்கள் வேண்டும் என்றால், ஒவ்வொரு படத்துக்கும் கணினிக்குக் கிடைக்கும் நேரம் ஏறக்குறைய 16.7 மில்லி விநாடி. 30 படங்கள் போதும் என்றால் 33.3 மில்லி விநாடி. அமைப்புகளை மாற்றுவது என்றால், இந்தச் சின்னஞ்சிறு நேரத்துக்குள் கணினி செய்ய வேண்டிய வேலையைக் குறைப்பது. அவ்வளவுதான்.

வேலை குறைந்தால் வேகம் கூடும் என்பதற்கு ஒரு பழைய சாட்சி உண்டு. 1978-இல் ஜப்பானின் தோமோஹிரோ நிஷிகாடோ ‘ஸ்பேஸ் இன்வேடர்ஸ்’ என்ற விளையாட்டை உருவாக்கினார். வரிசை வரிசையாக இறங்கும் வேற்றுக்கிரகவாசிகளைச் சுட வேண்டும். எல்லாரும் திரையில் இருக்கும்போது இயந்திரத்துக்கு வரையும் வேலை அதிகம்; மெதுவாக நகர்வார்கள். சுடச் சுட எண்ணிக்கை குறையும், வேலை குறையும், மிஞ்சியவர்கள் வேகம் எடுப்பார்கள். அது இயந்திரத்தின் இயலாமையால் வந்த விளைவு. விளையாட்டுக்கு அது விறுவிறுப்பைத் தந்ததால் நிஷிகாடோ அப்படியே விட்டுவிட்டார்.

1993 டிசம்பரில் வந்த ‘டூம்’ விளையாட்டில் இந்த உத்தி ஆடுபவர் கைக்கே வந்தது. கணினி திணறினால், கழித்தல் குறியுள்ள பொத்தானை அழுத்தலாம். விளையாட்டுக் காட்சி திரையின் நடுவே சிறிய செவ்வகமாகச் சுருங்கும்; வரைய வேண்டிய பரப்பு குறையும்; ஓட்டம் சீராகும். இன்று நாம் ரெசலூஷனைக் குறைப்பதும் இதே கணக்குதான்.

எந்த வாளி மெதுவாக வருகிறது?

கோயில் அன்னதானத்தில் பந்தி பரிமாறியிருக்கிறீர்களா? சோறு போடுபவர் எவ்வளவு வேகமாக நடந்தாலும், பின்னால் வரும் சாம்பார் வாளி மெதுவாக வந்தால் பந்தி மெதுவாகத்தான் நகரும். சோற்றுக்கு இன்னும் ஓர் ஆளைப் போட்டுப் பயனில்லை.

கணினியிலும் இரண்டு பரிமாறுபவர்கள். சி.பி.யு. எங்கே யார் நிற்கிறார்கள், எந்தக் கார் எதில் மோதியது என்று கணக்குப் போடும். ஜி.பி.யு. அதை வாங்கிப் படமாக வரையும். இருவரில் மெதுவானவர் யார் என்று தெரியாமல் அமைப்புகளை மாற்றினால் வீண் வேலை.

கண்டுபிடிக்க ஒரு சோதனை இருக்கிறது. விளையாட்டில் ரெசலூஷனை மட்டும் மிகவும் குறைத்துப் பாருங்கள். 1920-க்கு 1080 என்றால் ஒரு படத்தில் 2,073,600 புள்ளிகள். 1280-க்கு 720 என்றால் 921,600 புள்ளிகள். பாதிக்கும் குறைவு. இப்போது எஃப்.பி.எஸ். நன்றாக ஏறினால், தடுமாறிக்கொண்டிருந்தது ஜி.பி.யு. கொஞ்சமும் ஏறாவிட்டால், பெரும்பாலும் சி.பி.யு.தான் தாமதிக்கிறது, அல்லது ரேம் போதவில்லை.

தம்பியின் மடிக்கணினியில் கார் பந்தய விளையாட்டைத் திறந்து இப்படிச் சோதித்தோம். எஃப்.பி.எஸ். மளமளவென்று ஏறியது. ஜி.பி.யு.தான் திணறுகிறது என்று நோட்டில் எழுதிக்கொண்டோம்.

எதைக் குறைக்கலாம், எதை விடலாம்

அமைப்புப் பக்கத்தைத் திறந்தவுடன் எல்லாவற்றையும் ‘லோ’ என்று தள்ளிவிடுவது பலரின் வழக்கம். விளையாட்டு பார்க்கவே அசிங்கமாகிவிடும். எல்லா அமைப்பும் ஒரே விலை கேட்பதில்லை.

நிழல், பிரதிபலிப்பு, மூலை முடுக்குகளில் இருள் காட்டும் ஆம்பியன்ட் ஒக்லூஷன், ஓரங்களை வழவழப்பாக்கும் ஆன்ட்டி ஏலியாசிங் ஆகியவை ஜி.பி.யு.வுக்குச் சுமை. நிழலைத்தான் நான் முதலில் குறைப்பேன். விரட்டிக்கொண்டு ஓடும்போது மரத்தின் நிழல் கூர்மையாக இருக்கிறதா என்று யாரும் நின்று பார்ப்பதில்லை.

எவ்வளவு தூரம் வரை காட்சி தெரிய வேண்டும், தெருவில் எத்தனை பேர் நடக்க வேண்டும் என்பவை சி.பி.யு.வையும் வாட்டும். மைன்கிராஃப்ட் விளையாடும் தம்பி தங்கைகள் இந்தக் கணக்கைப் போட்டுப் பார்க்கலாம். ரெண்டர் டிஸ்டன்ஸ் 12 என்றால் உங்களைச் சுற்றி ஒவ்வொரு பக்கமும் 12 கட்டங்கள், நடுவில் நீங்கள் நிற்கும் கட்டம் ஒன்று. 25 பெருக்கல் 25, மொத்தம் 625 கட்டங்கள். அதை 8 ஆக்கினால் 17 பெருக்கல் 17, அதாவது 289. எண்ணை 12-லிருந்து 8-க்கு இறக்கியதில் வேலை பாதிக்கும் கீழே போய்விடுகிறது. கணித வகுப்பில் படித்த வர்க்கம் இங்கே கைகொடுக்கிறது.

டெக்ஸ்சர் என்னும் மேற்பரப்புத் தரம் வேறு வகை. அதற்கு வேண்டியது நினைவகம். ஜி.பி.யு.வின் நினைவகம் போதுமானால் டெக்ஸ்சரை உயர்த்தினாலும் வேகம் அதிகம் குறையாது. போதாவிட்டால்தான் திக்கல் வரும். தனி ஜி.பி.யு. இல்லாத மடிக்கணினிகளில் கணினியின் ரேமிலிருந்தே ஒரு பங்கை எடுத்துக்கொள்வதால், அங்கே கொஞ்சம் அடக்கமாக வைப்பது நல்லது.

தம்பியின் கணினியில் நிழலைக் குறைத்தோம், பிரதிபலிப்பை நிறுத்தினோம், டெக்ஸ்சரை நடுத்தரத்திலேயே விட்டோம். ரெசலூஷனை 1600-க்கு 900 என்று வைத்தோம். அதில் 1,440,000 புள்ளிகள். முழு ரெசலூஷனைவிட மூன்றில் ஒரு பங்கு அளவுக்கு வேலை மிச்சம். “அண்ணே, வித்தியாசமே தெரியலையே” என்றான். கண்ணுக்குத் தெரியாததைக் குறைத்து, கைக்குத் தெரிவதைக் கூட்டுவதுதான் இந்தக் கலை.

மடிக்கணினியில் இரண்டு ஜி.பி.யு. இருந்தால் இன்னொன்றையும் பாருங்கள். சில சமயம் விளையாட்டு சிறிய ஜி.பி.யு.விலேயே ஓடிக்கொண்டிருக்கும், பெரியது சும்மா உட்கார்ந்திருக்கும். விண்டோஸ் செட்டிங்ஸ், சிஸ்டம், டிஸ்ப்ளே, கிராபிக்ஸ் என்ற வழியில் போய், அந்த விளையாட்டுக்கு ‘ஹை பெர்ஃபார்மன்ஸ்’ என்பதைத் தேர்ந்தெடுங்கள். விளையாடும்போது சார்ஜரைச் செருகியே வையுங்கள். பேட்டரியில் ஓடும் மடிக்கணினி மின்சாரத்தை மிச்சப்படுத்தத் தன் வேகத்தைத் தானே குறைத்துக்கொள்ளும்.

பத்து நிமிடம் கழித்து வரும் லேக்

இத்தனைக்குப் பிறகும் தம்பியின் கணினியில் ஒரு சிக்கல் மிச்சம் இருந்தது. முதல் பத்து நிமிடம் 60-க்கு அருகில் ஓடும். பிறகு 30-க்குக் கீழே விழும். அணைத்துவிட்டுக் கொஞ்ச நேரம் கழித்துத் திறந்தால் மறுபடியும் பத்து நிமிடம் நன்றாக ஓடும்.

இந்த அறிகுறியைக் கண்டால் வேறு எதையும் தேட வேண்டாம். அது சூடு. மடிக்கணினியின் சில்லுகள் ஏறக்குறைய 100 டிகிரி செல்சியஸை நெருங்கும்போது, தம்மைக் காத்துக்கொள்ள வேகத்தைக் குறைக்கும். மதியம் 33 டிகிரி வெயிலில், துத்தநாகக் கூரையின் கீழ், மெத்தைமேல் கணினியை வைத்து விளையாடினால் அது வேறு என்ன செய்யும்? மெத்தை அடிப்பக்கக் காற்றுத் துளைகளை அடைத்துவிடுகிறது. வெளிக்காற்றும் ஏற்கெனவே சூடு.

மேசைக்கு மாற்றினோம். பின்பக்கம் இரண்டு தடித்த பயிற்சி நூல்களை முட்டுக் கொடுத்து உயர்த்தினோம், துளைகளை மறைக்காமல். கணினியை முழுவதும் அணைத்து, சார்ஜரைக் கழற்றி, காற்றுக் குப்பியால் தூசியை ஊதினோம். ஊதும்போது விசிறி தாறுமாறாகச் சுழலக் கூடாது. மெல்லிய குச்சியால் அதைப் பிடித்துக்கொள்ள வேண்டும். வெளியே வந்த தூசியைப் பார்த்துச் சித்தி, “இத்தன நாளா இதையா வயித்துல வச்சிருந்துச்சு?” என்று கேட்டார்.

பிறகு செய்த ஒரு மாற்றம் தம்பிக்கு விளங்கவில்லை. விளையாட்டின் உச்ச எஃப்.பி.எஸ்.ஸை 60 என்று கட்டுப்படுத்தினேன். வேகம் வேண்டும் என்று கேட்டவனுக்கு வேகக் கட்டுப்பாடா? காரணம் இருக்கிறது. அவனுடைய திரை 60 ஹெர்ட்ஸ், அதாவது ஒரு விநாடிக்கு 60 முறைதான் படத்தை மாற்றும். விளையாட்டின் மெனுப் பக்கத்தில் கணினி 150 படங்களை வரைந்து தள்ளினாலும் கண்ணுக்குக் கிடைப்பது 60 தான். மற்றதெல்லாம் வெறும் சூடு. அந்தச் சூட்டைத் தவிர்த்தால், பந்தயம் சூடுபிடிக்கும்போது கணினிக்கு மூச்சு மிச்சம் இருக்கும்.

அன்று மாலை ஒரு மணி நேரம் தொடர்ந்து விளையாடினான். 55-க்கும் 60-க்கும் இடையிலேயே நின்றது. செலவானது காற்றுக் குப்பிக்குக் கொடுத்த சில ரிங்கிட். சித்தப்பாவின் சேமிப்பு வங்கியிலேயே இருக்கிறது.

வெளிச்சத்துக்கும் நேரம் ஆகும்

உங்கள் கோளாறு மூன்றாவது வகை என்றால், மேலே சொன்ன எதுவும் உதவாது. நிழலைக் குறைத்தால் பிங் குறையாது.

கண்ணாடி இழைக்குள் ஒளி ஒரு விநாடிக்குச் சுமார் 200,000 கிலோமீட்டர் போகும். கோலாலம்பூரிலிருந்து சிங்கப்பூர் நேர்க்கோட்டில் ஏறத்தாழ 300 கிலோமீட்டர். போய் வர 3 மில்லி விநாடி போதும். தோக்கியோ சுமார் 5,300 கிலோமீட்டர். போய் வரக் குறைந்தது 53 மில்லி விநாடி. எவ்வளவு விலை உயர்ந்த கணினி வாங்கினாலும் இயற்பியல் விதியைத் தாண்ட முடியாது. எனவே விளையாட்டில் சர்வரைத் தேர்வு செய்யும் வசதி இருந்தால் அருகில் உள்ளதையே தேர்ந்தெடுங்கள்.

சிங்கப்பூர் சர்வரிலும் பிங் எகிறினால் வீட்டுக்குள் பாருங்கள். ரவுட்டரிலிருந்து கணினிக்குக் கேபிள் இழுப்பது மிகச் சிறந்த வழி. முடியாவிட்டால், ரவுட்டருக்கு அருகில் உட்கார்ந்து 5 கிகாஹெர்ட்ஸ் வைஃபையைப் பயன்படுத்துங்கள். 2.4 கிகாஹெர்ட்ஸ் சுவரைத் தாண்டி வெகுதூரம் போகும், ஆனால் அக்கம்பக்கத்து வைஃபைகளோடு நெரிசல்படும். அக்காள் நாடகம் பார்க்கும் நேரத்தில் தரவரிசைப் போட்டிக்குப் போகாமல் இருப்பதும் ஒரு தீர்வுதான்.

தொடக் கூடாதவை

‘ஒரே சொடுக்கில் 200 எஃப்.பி.எஸ்.’ என்று ஆசை காட்டும் மென்பொருள்களை நெருங்காதீர்கள். இல்லாத திறனை எந்த மென்பொருளும் உண்டாக்காது. அவற்றில் சில, உங்கள் கடவுச்சொற்களைத் திருடவே எழுதப்பட்டவை. வேகத்துக்காக வைரஸ் தடுப்பை நிறுத்தச் சொல்லும் எந்தக் காணொலியையும் அங்கேயே மூடிவிடுங்கள். அதே கணினியில்தான் அம்மாவின் வங்கிக் கணக்கும் திறக்கப்படுகிறது. ஜி.பி.யு.வுக்கான டிரைவரை அதன் தயாரிப்பாளரின் தளத்திலிருந்தோ விண்டோஸ் வழியாகவோ மட்டுமே புதுப்பியுங்கள்.

அதற்குப் பதிலாக, கண்ட்ரோல், ஷிஃப்ட், எஸ்கேப் மூன்றையும் சேர்த்து அழுத்துங்கள். டாஸ்க் மேனேஜர் திறக்கும். கணினியைத் திறந்தவுடன் தானாக ஓடத் தொடங்கும் செயலிகளின் பட்டியல் அதில் இருக்கிறது. தேவையில்லாதவற்றை நிறுத்துங்கள். உங்களுக்குப் பெயர் தெரியாதவற்றை மட்டும், என்னவென்று விசாரிக்கும் வரை விட்டுவிடுங்கள்.

எல்லை எங்கே?

அமைப்புகளை மாற்றிப் பயனில்லாத கணினிகளும் உண்டு. 2023 செப்டம்பரில் ‘கவுண்டர் ஸ்டிரைக் 2’ வந்து, பழைய பதிப்பின் இடத்தைப் பிடித்தது. டைரக்ட்எக்ஸ் 9 மட்டுமே தெரிந்த கிராபிக்ஸ் சில்லுகளுக்கும் 32-பிட் விண்டோஸுக்கும் அதில் இடமில்லை. முதல் நாள் வரை விளையாடிய சிலரின் கணினி மறுநாள் வாசலிலேயே நின்றுவிட்டது.

அப்படிப்பட்ட நிலையிலும் முழுக் கணினியையும் மாற்றும் முன் இரண்டு கேள்விகள். பழைய ஹார்ட் டிஸ்க்கை எஸ்.எஸ்.டி.யாக மாற்ற முடியுமா? ரேமுக்கு இன்னொரு துண்டு சேர்க்க இடம் இருக்கிறதா? தனி ஜி.பி.யு. இல்லாத கணினிகளில், ஒரே 8 ஜிபி துண்டைவிட இரண்டு 4 ஜிபி துண்டுகள் சேர்ந்து வேகமாக வேலை செய்யும். தரவு போக இரண்டு பாதைகள் கிடைக்கும் அல்லவா? இந்த இரண்டும் பாட வேலைகளுக்கும் உதவும்.

இன்னொன்று, நல்ல விளையாட்டு எல்லாம் பெரிய கணினியைக் கேட்பதில்லை. கனடாவுக்குக் குடிபெயர்ந்த ஒரு தமிழ்க் குடும்பத்தின் கதையைச் சமையல் வழியாகச் சொல்லும் ‘வெண்பா’, தொரொந்தோவின் விசை கேம்ஸ் உருவாக்கி 2023 ஜூலை 31-இல் வெளியிட்டது. 2024-இல் பிரிட்டனின் பாஃப்டா விருதுகளில் சிறந்த அறிமுக விளையாட்டாகத் தேர்வு பெற்றது. கையால் வரைந்தது போன்ற எளிய காட்சிகள்தாம். இட்லி வேகும் அந்தச் சமையலறைக்குள் நுழைய விலை உயர்ந்த ஜி.பி.யு. வேண்டாம்.

அறிவியல் வகுப்பு மறந்துவிட்டதா?

கடைசியாக, எல்லாவற்றையும்விட முக்கியமான ஒரு பழக்கம். ஒரு சமயத்தில் ஓர் அமைப்பை மட்டும் மாற்றுங்கள். ஒரே இடத்தில், ஒரே பந்தயத்தில், ஐந்து நிமிடம் விளையாடி எஃப்.பி.எஸ்.ஸை எழுதி வையுங்கள். பிறகு அடுத்ததை மாற்றுங்கள். ஐந்தை ஒரே நேரத்தில் மாற்றினால், எது உதவியது, எது கெடுத்தது என்று யாராலும் சொல்ல முடியாது.

தமிழ்ப்பள்ளியில் அறிவியல் படித்தவர்களுக்கு இது புதிதல்ல. நீங்கள் மாற்றும் அமைப்பு தற்சார்பு மாறி. எழுதி வைக்கும் எஃப்.பி.எஸ். சார்பு மாறி. மாற்றாமல் வைத்திருக்கும் பந்தயம், நேரம், அறையின் சூடு எல்லாம் கட்டுப்படுத்தப்பட்ட மாறிகள். தேர்வுக்காக மனப்பாடம் செய்த மூன்று சொற்கள், ஒரு பழைய மடிக்கணினியின் முன்னால் உயிர் பெறுகின்றன.

பல்கலைக்கழகத்தில் எங்கள் ஆய்வுக்கூட விரிவுரையாளர்கள் எங்களிடம் கேட்பதும் இதே ஒழுங்கைத்தான்: ஒன்றை மாற்று, அளந்து பார், எழுதி வை. பொறியியலோ கணினியோ எடுக்க நினைக்கும் மாணவர்கள் அந்தப் பயிற்சியை இன்றைக்கே, வீட்டில், செலவில்லாமல் தொடங்கலாம். ‘புதுசு வாங்கணும்’ என்று கேட்கும் நாள் பிறகு ஒருநாள் உண்மையாகவே வரும். அப்போது எந்தப் பாகம் போதவில்லை, எவ்வளவு போதவில்லை, ஏன் போதவில்லை என்பதை நோட்டைத் திறந்து அப்பாவிடம் காட்டலாம். கடைக்காரரிடமும் காட்டலாம்.